மூன்று வினாக்களும் ஆயிர மசலாவும்

கோவை உக்கடத்துக் கடைவீதியில் நின்றுகொண்டு ‘ஆயிர மசலா’ என்று நாம் உரைப்போமாயின், கேட்போர் மல்லியையும் மிளகையும் பட்டையையும் கிராம்பையுமே நினைப்பர். அதில் வியப்பில்லை. கறிக்கு இடும் மசாலாவும் நாம் கூறும் மசலாவும் ஒலியால் நெருங்கியவை. அரபு மொழியிலோ வெவ்வேறு வேரிலிருந்து கிளைத்தவை. மசலா என்பது ‘கேட்டல்’ என்னும் வேரிலிருந்து வந்த சொல். அதன் பொருள் வினா என்பதே.

ஆயிரம் வினாக்களின் பெயர் தாங்கிய அந்நூலை வண்ணப் பரிமளப் புலவர் பாரசீக மூலத்தைத் தழுவித் தமிழிற் பாடினார். 1572ஆம் ஆண்டு மதுரையில் அஃது அரங்கேறியது. முழுமையாக நமக்குக் கிடைத்துள்ள இஸ்லாமியத் தமிழ் இலக்கியங்களுள் காலத்தால் முந்தியது இதுவே. உமறுப் புலவர் பிறப்பதற்குப் பல்லாண்டுகள் முன்னரே இது வழக்கில் இருந்தது. ‘அதிசய புராணம்’ என்னும் மற்றொரு பெயரும் இதற்குண்டு. அப்பெயர் பொருத்தமானதே என்பது நூலைத் திறந்தோர்க்கு விளங்கும்.

மதீனத்து யூத அறிஞராகிய அப்துல்லாஹ் இப்னு சலாம், பெருமானார் (ஸல்) அவர்களை அணுகி ஒன்றன்பின் ஒன்றாக வினவுகிறார். பெருமானார் விடை பகர்கின்றார். இறுதியில் வினவியவர் இஸ்லாத்தைத் தழுவுகின்றார். கதை இவ்வளவே. ஆயினும் இவ்வினாக்களுக்குள் ஓர் உலகமே விரிகின்றது. எழுதுகோலும் பலகையும் படைக்கப்பட்டமை, அடுக்கடுக்கான வானங்கள், சுவனத்தின் எழில், நரகின் வெம்மை என அது நீள்கின்றது. பல மொழிகளிலும் பரவிய இந்த வினா மரபில், நிலத்தைத் தாங்கும் எருதும் அவ்வெருதைத் தாங்கும் மீனும் வருகின்றன. ‘கதிரவன் ஒரே ஒருமுறை கண்ட நிலம் யாது?’ என்னும் விடுகதையும் உண்டு. மூஸா நபி (அலை) அவர்கட்காகப் பிளந்த கடலின் அடித்தரையே அதன் விடை.

இவையெல்லாம் எங்கிருந்து வந்தன? ஸஹீஹுல் புகாரியில் இந்நிகழ்ச்சி பதிவாகியுள்ளது. ஆனால் அங்கே அப்துல்லாஹ் இப்னு சலாம் (ரலி) அவர்கள் கேட்டவை மூன்றே வினாக்கள். இறுதிநாளின் முதல் அடையாளம் யாது? சுவனவாசிகள் உண்ணும் முதல் உணவு யாது? பிள்ளை தந்தையையோ தாயையோ ஒத்திருப்பது எதனால்? மூன்று ஆயிரமாயிற்று! இடைப்பட்ட நூற்றாண்டுகளில் மக்கள் தம் உள்ளத்தே தேக்கி வைத்திருந்த வினாக்களையெல்லாம் அப்பெரியாரின் நாவில் ஏற்றினர் என்றே நாம் கொள்ளுதல் வேண்டும். உரையாடல் கற்பனையாயினும், கேட்டவர்களின் வேட்கை கற்பனையன்று.

அந்த வேட்கை எங்கெங்கோ சென்றது. 1143இல் இந்நூல் இலத்தீனில் பெயர்க்கப்பட்டது. இஸ்லாத்தை மறுக்கவேண்டிப் பெயர்த்தவர்களே அதற்கு நீண்ட வாழ்வளித்தார்கள். 1543இல் பாசல் நகரில் அஃது அச்சும் ஏறியது. கிழக்கே மலாய் மொழிக்கும் ஜாவா மொழிக்கும் போயிற்று. ஜாவாவில் வினவுபவர் ஸமூது என்னும் பெயர் பூண்டார். வினாக்களும் அடியானுக்கும் ஆண்டவனுக்கும் உள்ள உறவை ஆராயும் ஞானவழிக்குத் திரும்பின. தமிழகத்திலோ 1984ஆம் ஆண்டு சென்னையில் ஒரு பதிப்பு வெளிவந்தது. நம் கொங்கு நாட்டில் இன்று அதனைக் கண்ணுற்றோர் எத்துணைப் பேர்?

சில ஆண்டுகளுக்கு முன் பொள்ளாச்சியில் எம் உறவினர் ஒருவர் இல்லத்தைப் பழுது பார்த்தபோது, பரணிலிருந்து ஒரு துணிமூட்டை இறங்கிற்று. உள்ளே அரபுத் தமிழில் கையால் எழுதிய தாள்கள். பாதியைச் செல்லரித்திருந்தது. எஞ்சிய பக்கங்களில் வினாவும் விடையுமாக மசலாக்கள். குடும்பத்துப் பெரியவர் ஒருவர், “இதெல்லாம் ஆதாரமில்லாத கதைங்க. எருது மேலயா பூமி நிக்குது? மரியாதையா ஆழியாத்துல விட்டுடலாம்” என்றார். அவர் மார்க்கப் பற்று மிக்கவர். அவர் கூற்றிலும் நியாயம் இருந்தது. ஆதாரமற்ற செய்தியைப் பெருமானார் பெயரால் உரைத்தல் சிறு குற்றமன்று.

அப்போது பள்ளியில் பயிலும் அவருடைய பேத்தி, “ஏனுங்க நன்னா, இதை எழுதுனவங்க பூமி எது மேல நிக்குதுன்னு யோசிச்சிருக்காங்கல்லங்க? நான் மதரஸாவுல இப்படிக் கேட்டா உக்காருன்னுதானுங்க சொல்றாங்க” என்றாள். பெரியவர் பதிலுரைக்கவில்லை. தாள்களை மீண்டும் மடித்துக் கட்டினார். மூட்டை ஆற்றுக்குச் செல்லவில்லை. பூச்சி அணுகாதிருக்க வேப்பிலையிட்டு ஒரு தகரப்பெட்டியில் வைக்கப்பட்டது. அரபுத் தமிழ் எழுத்துக்களை அறிந்த மூதாட்டி ஒருவர் படித்துச் சொல்ல, அச்சிறுமி தன் நோட்டுப் புத்தகத்தில் பெயர்த்தெழுதத் தொடங்கினாள்.

ஆயிர மசலாவின் விடைகள் அனைத்தையும் நம்பவேண்டும் என்று நாம் வாதிடவில்லை. ஹதீஸ் கலை தந்த உரைகல் நம்மிடம் உண்டு. அதில் உரைத்துப் பார்த்தல் நம் கடமை. ஆனால் விடை பழுதானது என்பதற்காக வினாவையும் சேர்த்து ஆற்றில் விடுதல் அறிவுடைமையாகாது. நம் முன்னோர், அண்ணல் நபியின் திருமுன்னர் அச்சமின்றி ஆயிரம் கேட்கலாம் என்று நம்பியவர்கள். வினவ வந்தவர் மாற்றுச் சமயத்தவர்; சோதிக்கும் நோக்குடனேயே வந்தவர். அவரை அவையிலிருந்து அகற்றியதாக எந்தப் புலவரும் பாடவில்லை. பொறுமையோடு கேட்டு, பொறுமையோடு மறுமொழி தந்த நபியையே அவர்கள் பாடினர்.

இன்று கோட்டைமேட்டின் சந்துகளில் மாலைவேளையில் நடப்போர்க்குச் சிறார் ஓதும் ஒலி செவியில் இனிக்கும். அவ்வொலியோடு வினாவின் ஒலியும் கலந்து வருதல் வேண்டும். ஊர்தோறும் பழைய ஏடுகள் பரண்களில் உள்ளன. அவற்றைக் கறையான் தின்னுமுன் எடுத்துப் படியெடுத்தல் நம் கையில் உள்ளது. குழந்தை வினவும்போது “உட்கார்” என்னாது, “கேள்” என்று சொல்லுதலும் நம் கையிலேயே உள்ளது.