உள்ளிருந்து விழுந்த விரிசல்

முதுகலை நாட்களில் கோவிந்தனின் 'புதியதோர் உலகம்' (1985) நாவலை நாம் ஒரே இரவில் வாசித்து முடித்தோம். ஈழப் போராட்டத்தை வீரகாவியமாகவே கேட்டு வளர்ந்தவர்களுக்கு அதன் பிறகு உறக்கம் வரவில்லை.

விடுதலைப் புலிகளின் தலைவராயிருந்த நில அளவையாளர் உமா மகேஸ்வரன், பிரபாகரனோடு முரண்பட்டு விலகி 1980இல் அமைத்தது தமிழீழ மக்கள் விடுதலைக் கழகம். 1983 ஜூலைப் படுகொலைக்குப்பின் இளைஞர்கள் ஆயிரக்கணக்கில் சேர்ந்தனர். ஒரத்தநாட்டுப் பகுதியில் பயிற்சி முகாம்கள் எழுந்தன. அங்கே கேள்வி கேட்டவர் உளவாளியானார். வதைகளும் கொலைகளும் தொடர்ந்தன. 1985இல் 'தீப்பொறி' குழுவினர் வெளியேறினர். 1986இல் புலிகள் தடைவிதித்தபோது, கழகம் முன்பே உள்ளே நொறுங்கியிருந்தது. 1988இல் அதன் போராளிகள் மாலத்தீவில் கூலிப்படையாயினர். 1989 ஜூலையில் உமா மகேஸ்வரன் கொழும்பில் சுட்டுக் கொல்லப்பட்டார்.

நம் விருத்தாசலத்துப் பீங்கான் தொழிலாளர்கள் அறிவார்கள்: மண்ணிலேயே தங்கிவிட்ட குறையைச் சூளை மறைக்காது, வெடித்துக் காட்டும்.

அந்நாவலை எழுதியவர் பகைவர் அல்லர். கழகத்தை நம்பிச் சென்றவர். ஆகவேதான் ஈழம் பற்றி முதலில் எதைப் படிப்பது என்று கேட்கும் மாணவர்களுக்கு அதனையே தருகிறோம். அம்முகாம்கள் கடலுக்கு அப்பால் இல்லை. நம்மூரிலிருந்து சில மணிநேரப் பயணத்தில் இருந்தன.