பெரியம்மா சொன்ன ஊமைப்படம்

தென்னூர், திருச்சி
ஞாயிறு இரவு

அன்புள்ள நண்பனுக்கு,

சாயங்காலம் ஸ்ரீரங்கம் போவதாக இருந்தேன். பெரியம்மா விடவில்லை. உழவர் சந்தையில் வாங்கிய முருங்கைக்கீரையை உருவிக்கொண்டே, "லேப்டாப்ல ஏதாவது படம் போடுடா" என்றார். நீ கொடுத்த ஜப்பானிய ஊமைப்படத்தைப் போட்டேன். மிகியோ நருசே 1933இல் எடுத்த 'உன்னைப் பிரிந்து'. ஒரு மணி நேரம்தான்.

தெருகிகு இளம் கெய்ஷா. கடலோரக் கிராமத்தில் இருக்கும் அவள் குடும்பத்துக்கு அவள் சம்பாத்தியம்தான் சோறு. குடிகார அப்பன் தங்கையையும் அதே தொழிலுக்குத் தள்ளப் பார்க்கிறான். அதைத் தடுக்க, இன்னும் கொஞ்சம் காசு கிடைக்கிற வேறு ஊருக்கு இவள் ரயிலேறுகிறாள், மனசுக்குப் பிடித்தவனை விட்டுவிட்டு.

நடுநடுவே வரும் எழுத்துகளை நான்தான் தமிழில் சொன்னேன். பத்து நிமிஷம்கூட ஆகவில்லை, பெரியம்மா கையமர்த்திவிட்டார். "மூத்தவள்னு மூஞ்சிய பாத்தாலே தெரியலயா?" பிறகு கதை முழுக்க அவர் சொன்னதுதான்.

ஜப்பானில் ஊமைப்படத்துக்கு இப்படிக் கதை சொல்வதற்கென்றே பென்ஷி என்று ஆள் உண்டு. நடிகர்களைவிட அவர்களுக்குக் கூட்டம் சேர்ந்த காலம் இருந்தது. 1931இல் இங்கே 'காளிதாஸ்' வந்தது; அங்கேயும் முதல் பேசும்படம் அதே வருஷம்தான். ஆனாலும் பென்ஷிகளின் செல்வாக்கால் ஊமைப்படம் அங்கே மேலும் சில வருஷம் தாக்குப்பிடித்தது. நம் கொட்டகைகளிலும் திரையோரம் நின்று கதை சொன்னவர்கள் இருந்தார்கள். 1905இல் ரயில்வே குமாஸ்தா சாமிக்கண்ணு வின்சென்ட், உடம்பு சரியில்லாத பிரெஞ்சுக்காரர் ஒருவரிடம் புரொஜெக்டரும் ஏசு படமும் வாங்கிக்கொண்டு ஊர் ஊராகக் கிளம்பியது இந்தத் திருச்சியிலிருந்துதான்.

பார்க்கப் பார்க்க 'அவள் ஒரு தொடர்கதை' ஞாபகம் வந்தது. 1974இல் சுஜாதா நடித்த கவிதாவும் வீட்டைச் சுமந்தவள்தான். அவளுக்குத் திட்டித் தீர்க்கவாவது வாய் இருந்தது. கடைசியில் இரண்டு பேரும் வேலைக்குத்தான் போகிறார்கள். அழவைக்கிற முடிவைவிட எனக்கு இது கொடுமையாகப் படுகிறது.

டீச்சர் சம்பளத்தில் இரண்டு தங்கைகளைக் கரையேற்றிய பெரியம்மா அழவில்லை. கீரைக்காம்பைக் கூட்டி அள்ளிக்கொண்டே சொன்னார்: "இவ அனுப்புறதையும் அந்த ஆளு குடிச்சே தீப்பான். காச தங்கச்சி கையில குடுத்திருக்கணும்."

நாளைக்கு ஸ்ரீரங்கம். ஊமைப்படம் வேறு இருந்தால் அனுப்பச் சொன்னார். குடிகார அப்பன் இல்லாததாகப் பார்த்து அனுப்பு.