எதுக்குங்க கட்டுனாங்க?

ஞாயிற்றுக்கிழமை காலை ஆறரை மணிக்கு ஒப்பணக்காரத் தெரு வேறு தெருவாக இருக்கிறது. ஜவுளிக்கடை ஷட்டர்கள் இறங்கியிருக்கின்றன. நடைபாதையில் கடை விரிப்பவர்கள் இன்னும் வரவில்லை. உக்கடம் போகிற பஸ் எந்தத் தடங்கலும் இல்லாமல் மணிக்கூண்டை வளைந்து போகிறது. விக்டோரியா ஹால் வாசலில் இருபது பேர் போலக் கூடி நிற்கிறார்கள். பழைய கோயம்புத்தூரை நடந்து பார்க்க வந்தவர்கள். அவர்களுக்குப் பின்னால் கடைசி ஆளாக நான்.

கட்டடக்கலை படிக்கும் பிள்ளைகள் ஆறேழு பேர், ஆளுக்கொரு வரையும் நோட்டோடு. சரவணம்பட்டியில் ஐடி வேலை பார்க்கும் கணவன் மனைவி. தீபாவளிக்குத் துணி எடுக்க மட்டுமே இந்தப் பக்கம் வந்திருக்கிறார்கள் என்பது பேச்சில் தெரிகிறது. பருத்திச் சேலைக்குக் கீழே கேன்வாஸ் ஷூ போட்ட ஓர் அம்மா. பிளஸ் டூ படிக்கிற வயதில், யாரோடும் பேசாமல் நிற்கும் ஒரு பையன். மில்லில் வேலை செய்து ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவர், வெள்ளை வேட்டி சட்டையில். கூட்டிக்கொண்டு வந்தவள் பேத்தி. அழைத்துப் போகிறவர் கட்டடக்கலைக் கல்லூரியில் பாடம் எடுக்கும் ஒரு பெண்மணி. மைக் எதுவும் கொண்டு வரவில்லை.

“விக்டோரியா மகாராணி பட்டத்துக்கு வந்து 50 வருஷம் ஆனதை 1887ல கொண்டாடுனாங்க. அந்த ஞாபகார்த்தமா எழும்பி, 1892ல திறந்த மண்டபம் இது” என்று ஆரம்பிக்கிறார். வளைவுகளையும் தூண்களையும் கை நீட்டிக் காட்டுகிறார். பிள்ளைகளின் பென்சில்கள் ஓடுகின்றன. பெரியவர் கொஞ்ச நேரம் கேட்டுவிட்டு, பேத்தி சட்டையைப் பிடித்து இழுப்பதையும் பொருட்படுத்தாமல் கேட்கிறார்:

“எல்லாஞ் செரிங்க அம்மிணி. எதுக்குங்க கட்டுனாங்க?”

மேடம் ஒரு நிமிடம் நின்று அவரைப் பார்க்கிறார். கையிலிருந்த தாள்களை மடித்துப் பைக்குள் வைத்துவிட்டு, அதற்கு அப்புறம் பேசுகிற பேச்சு வேறு மாதிரி இருக்கிறது. அன்றைக்கு ஊர்க்காரர்கள் ஓரிடத்தில் கூடிப் பேச ஒரு மண்டபம் இல்லை. சே. ப. நரசிம்மலு நாயுடு என்று ஒருத்தர். பத்திரிகை நடத்தினவர், அச்சகம் வைத்திருந்தவர், யாத்திரை போய்வந்து புஸ்தகம் எழுதினவர். அவர் பாடுபட்டதில் எழும்பியது. இன்றைக்கும் மாமன்றக் கூட்டம் இதற்குள்ளேதான் நடக்கிறது.

“குழாயில தண்ணி வல்லீன்னா இங்கதானுங்க வந்து நிப்பம்” என்கிறார் பெரியவர்.

“அந்தத் தண்ணிக்கும் முதல்ல குரல் கொடுத்தவர் அதே நாயுடுதானுங்க அய்யா. சிறுவாணியைக் கொண்டு வரணும்னு அவர் சொல்ல ஆரம்பிச்சு, 1929லதான் தண்ணி ஊருக்குள்ள வந்துச்சு. அதைப் பார்க்க அவர் இல்லை.”

பெரியவர் பேத்தியைத் திரும்பிப் பார்க்கிறார். கேட்டுக்கோ என்கிற பார்வை.

மதுரைக்கு மகால் இருக்கிறது. தஞ்சாவூருக்கு அரண்மனை இருக்கிறது. கோயம்புத்தூரில் அப்படி ஒன்றைக் காட்ட முடியாது. இருந்த கோட்டையும் மைசூர்ப் போர்களில் கை மாறி மாறி அழிந்து, கோட்டைமேடு என்ற பேராக மட்டும் நிற்கிறது. இது பஞ்சும் மாட்டுவண்டியும் சந்தையும் வளர்த்த ஊர். 1866இல் நகராட்சி, 1888இல் ஸ்பின்னிங் மில். கட்டினவர்கள் பாதிரியார்கள், அத்தர் வியாபாரிகள், நகராட்சித் தலைவர்கள், ரயில்வே வேலையை விட்டு வந்த ஒருவர். லாலி ரோட்டில் செக்கச் செவேலென்று செங்கல்லில் நிற்கும் வேளாண்மைக் கல்லூரியைப் பார்த்தால் ஏதோ சமஸ்தானத்து மாளிகை மாதிரிதான் தெரியும். ஆனால் அதன் வேலை விவசாயம் சொல்லிக் கொடுப்பது. 1906இல் சைதாப்பேட்டையிலிருந்து அந்தக் கல்லூரி இங்கே வந்தது, கரிசலும் செம்மண்ணும் இருக்கிற ஊர் என்பதால் பொருத்தமாகவும் அமைந்தது. இந்த ஊரில் ஒரு கட்டடத்தின் அழகைப் பேசுவதற்கு முன்னால் பெரியவருடைய கேள்வியைக் கேட்டாக வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது. கட்டினவர்களும் அதைக் கேட்டுவிட்டுத்தான் கட்டியிருக்கிறார்கள்.

பெரிய கடை வீதியில் நடக்கிறோம். ஃபிளெக்ஸ் போர்டுகளுக்கு மேலே பழைய மாடிகள் இன்னும் இருக்கின்றன. மரக் கைப்பிடி வைத்த முகமாடங்கள், சுதையில் கட்டிய வருஷத்தைப் பதித்த நெற்றிகள், அரசமரக் கன்று முளைத்த விரிசல்கள். ஒரு சந்து முனையில் பாதி இடித்த வீடு. முன்பக்கச் சுவர் போய்விட்டதால் மாடித் தளம் குறுக்குவெட்டாகத் தெரிகிறது. அங்கேதான் எல்லோரும் அதிக நேரம் நிற்கிறார்கள்.

“மெட்ராஸ் டெரஸ். பாருங்க, இப்படிப் பார்க்கக் கிடைக்காது” என்று மேடம் பிள்ளைகளை முன்னால் இழுக்கிறார். அடியில் நெருக்க நெருக்கமாகத் தேக்குக் கட்டைகள். அதன்மேல் சின்னச் சின்ன மெல்லிய செங்கல்லைப் படுக்க வைக்காமல் பக்கவாட்டில் நிறுத்தி, சுவருக்குக் கோணலாக, மூலைவாட்டில் அடுக்கியிருக்கிறார்கள். இடையில் சுண்ணாம்புச் சாந்து. அதற்கும் மேலே செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கலந்த கனத்த காரை. எல்லாவற்றுக்கும் மேல் தட்டோடு. கம்பி கிடையாது, சிமெண்ட் கிடையாது. கோடையில் கீழே படுத்தால் உடம்பு குளிரும்.

கேன்வாஸ் ஷூ போட்ட அம்மாவின் முகம் மாறுகிறது. அதுவரைக்கும் ஒரு வார்த்தை பேசாதவர். “எங்க ஊட்டுக்குத் தளம் போட்டது ஞாபகம் இருக்குதுங்க” என்கிறார். சுண்ணாம்பை ஊறப்போட்டது, கடுக்காயும் வெல்லமும் ஊறின தண்ணியை அதில் விட்டது, பிறகு பொம்பளைகள் வரிசையாகக் குந்த வைத்து உட்கார்ந்து மரக்கட்டையால் நாள் கணக்காகத் தட்டியது. “தட்டத் தட்டத் தண்ணி மேல வருமுங்க. அது நிக்கற வரைக்கும் தட்டோணும். பாட்டுப் பாடிக்கிட்டே தட்டுவாங்க. நாங்கெல்லாம் பொடி எறும்பு மாதிரி சுத்திச் சுத்தி ஓடுவம்.”

“அவங்க பேரு எங்கேயும் இருக்காதில்லைங்களா மேம்?” என்று ஒரு மாணவி கேட்கிறாள். மேடம் இல்லை என்று தலையசைக்கிறார். அந்தப் பெண் தன் நோட்டில் தளத்தின் குறுக்குவெட்டை வரைந்திருந்தாள். இப்போது அதன் மேலே குனிந்து உட்கார்ந்திருக்கிற உருவங்கள் நாலைந்தைச் சேர்த்து வரைகிறாள். யாரும் சொல்லாமல், வரைபடத்தில் இருக்க வேண்டிய ஆட்களை அவள் கொண்டு வந்து உட்கார வைத்தது எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது.

புனித மைக்கேல் பேராலயத்தில் காலைப் பூசை நடந்துகொண்டிருக்கிறது. உள்ளே போய்த் தொந்தரவு செய்ய வேண்டாம் என்று சாலை ஓரத்திலேயே நின்று பேசுகிறார்கள். இதைக் கட்டத் தொடங்கியவர் மெல்சியோர் த மரியோன் பிரசியாக் என்ற பிரெஞ்சு ஆயர். வேலை முடிந்தது 1867இல். அதற்கு எட்டு வருஷம் முன்பே, 1859இல், ஆப்பிரிக்காவில் ஃப்ரீடவுன் நகரில் அவர் காய்ச்சலில் இறந்துவிட்டார். பூசை முடிந்து குடும்பங்கள் வெளியே வருகின்றன. ஸ்கூட்டரின் முன்னால் நின்றபடி ஒரு குழந்தை, வரைந்துகொண்டிருக்கும் அண்ணன்களைப் பார்த்துக் கை காட்டிவிட்டுப் போகிறது.

திரும்பி ஒப்பணக்காரத் தெருவுக்கு வந்தால், அத்தர் ஜமாஅத் பள்ளிவாசலின் மினாராக்கள் வெயிலில் நிற்கின்றன. திருநெல்வேலிப் பக்கமிருந்து வந்து அத்தர் விற்றவர்கள் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுப்பியது. மினாராவின் உயரத்தைப் பற்றி ஐடிக்காரர் கேட்கிறார். பெரியவர் குறுக்கே புகுந்து வேறொன்று சொல்கிறார். கோனியம்மன் மாசித் தேருக்குக் கூட்டம் இந்த வழியாகத்தான் வருமாம். அன்றைக்குப் பள்ளிவாசல்காரர்கள் வாசலில் நின்று தண்ணீர் பாட்டில் கொடுப்பார்களாம். “வெயில்ல தேர் இழுக்கறவனுக்குத் தண்ணி குடுக்கறது பெரிய காரியமுங்க.” மேடம் அதற்கு மேல் ஒன்றும் சேர்க்கவில்லை. தேர்நிலைத் திடலையும் கோனியம்மன் கோயிலையும் வெளியே நின்று பார்த்துவிட்டு நகர்கிறோம். பூக்கட்டுகிறவர்கள் அப்போதுதான் கூடையை இறக்குகிறார்கள்.

ஒரு குறுகலான சந்தில் இரண்டு பேர் சேர்ந்து நடக்க முடியவில்லை. இந்த நெருக்கத்தில்தான் இருபதாம் நூற்றாண்டின் முதல் பாதியில் திரும்பத் திரும்பப் பிளேக் வந்தது. சனங்கள் வீட்டைப் பூட்டிவிட்டுக் காட்டில் சாளை போட்டுத் தங்கினார்கள். ஊரில் அங்கங்கே இருக்கும் பிளேக் மாரியம்மன் கோயில்கள் அந்தக் காலத்தவை. நேர்த் தெருவும் அகலச் சாலையுமாக ஆர்.எஸ்.புரம் பிறந்ததற்கும் அந்தப் பயம் ஒரு காரணம். நகராட்சித் தலைவர் இரத்தினசபாபதி முதலியாரின் பேரை அது தாங்குகிறது. சிறுவாணித் தண்ணீர் வந்ததும் அவர் காலத்தில்தான்.

ஐடிக்காரரின் மனைவி, இந்தச் சந்துகளையெல்லாம் மொத்தமாக இடித்துவிட்டு அகலமாகப் போட்டால்தான் நல்லது என்கிறார். அவர் சொல்வதில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆம்புலன்ஸ் வராத தெருவில் வயதானவர்கள் இருக்கிறார்கள். மேடம் அதை மறுக்கவில்லை. ஸ்காட்லாந்திலிருந்து வந்த பேட்ரிக் கெடஸைப் பற்றிச் சொல்கிறார். 1914, 15இல் சென்னை மாகாணத்து ஊர்களைத் தெருத்தெருவாக நடந்து பார்த்து அறிக்கை எழுதியவர். தெருவையே இடித்து நேராக்கக் கூடாது, அங்கங்கே பாழாய்க் கிடக்கிற வீட்டை மட்டும் எடுத்துவிட்டு அந்த இடத்தில் காற்றும் மரமும் வரவிடுங்கள் என்றவர். மொத்தமாக இடித்தால் ஏழைகள் இன்னும் மோசமான நெருக்கத்துக்குத்தான் போவார்கள் என்றும் எழுதினார். நூறு வருஷத்துக்கு அப்புறமும் அந்த யோசனைக்கு இந்தத் தெருக்களில் வேலை இருக்கிறது என்று நான் நம்புகிறேன். ஆனால் வாய் திறக்கவில்லை; கேட்கத்தான் வந்திருக்கிறேன்.

வெரைட்டி ஹால் ரோடு. மேடம் ஒரு இடத்தில் நின்று, பையிலிருந்து புகைப்படம் ஒன்றை எடுத்துக் கையால் உயர்த்திப் பிடிக்கிறார். இந்த நடையில் கட்டடத்தைக் காட்டாமல் படத்தைக் காட்டுவது இங்கே மட்டும்தான்.

சாமிக்கண்ணு வின்சென்ட் கோயம்புத்தூர்க்காரர். திருச்சியில் ரயில்வேயில் படம் வரையும் வேலை. 1905இல் டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரர் உடம்பு முடியாமல் ஊர் திரும்ப நினைத்தபோது, அவருடைய படம் காட்டும் கருவியையும் படச்சுருள்களையும் இவர் கடன் வாங்கி விலைக்கு எடுத்தார். வேலையை விட்டார். கூடாரம் போட்டு ஊர் ஊராகப் படம் காட்டினார். பிறகு 1914இல் இந்தத் தெருவில் நிரந்தரமாக ஒரு கொட்டகை கட்டினார், வெரைட்டி ஹால் என்று. பைகாரா மின்சாரம் இந்த ஊருக்கு வந்தது 1930களில். அதற்கு வெகு காலம் முன்பே தன் சொந்த மின்சாரத்தில் படம் காட்டினவர், அதே மின்சாரத்தில் அச்சகமும் ஓட்டினார். பிற்பாடு பேர் டிலைட் என்று மாறியது. சில வருஷத்துக்கு முன்னால் அந்தக் கட்டடத்தை இடித்துவிட்டார்கள்.

கணவன் மனைவி இருவரும் புகைப்படத்தை வாங்கிப் பார்க்கிறார்கள். அது கை மாறிப் பெரியவரிடம் வருகிறது. அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு வெகு நேரம் பார்க்கிறார்.

“நைட் ஷிப்டு முடிஞ்சு வந்து மேட்னி பாப்பமுங்க. பாதிப் படம் தூங்கிருவேன். வெளிய வந்தா வெளிச்சம் கண்ணக் கூசும். நேரா மில்லுதான்.”

“எதுக்குத் தாத்தா இடிச்சாங்க?” என்கிறாள் பேத்தி.

“ஆளு வல்லியே கண்ணு” என்கிறார் அவர். கோபமில்லை, வருத்தம் உண்டு. அவர் சொன்னதைவிடத் தெளிவாக இதைச் சொல்ல முடியாது. விக்டோரியா ஹாலுக்குள் கவுன்சிலர்கள் சத்தம் போடுகிற வரைக்கும் அதற்கு வெள்ளையடிப்பார்கள். பேராலயத்தில் ஞாயிற்றுக்கிழமை பூசை இருக்கிற வரைக்கும் கூரை ஒழுகவிட மாட்டார்கள். வேலை போன கட்டடத்துக்கு இன்னொரு வேலை தேடிக் கொடுக்க நமக்கு இன்னும் தெரியவில்லை. தென்னிந்தியாவின் முதல் நிரந்தரக் கொட்டகைகளில் ஒன்றுக்குக்கூட அதைச் செய்ய முடியாமல் போனது இந்த ஊருக்கு ஒரு இழப்பு. ஆயிரம் பேர் தங்கள் வீட்டுச் சாவு போல நினைத்திருக்க வேண்டியது.

வெயில் ஏறிவிட்டது. ஒரு பேக்கரி வாசலில் நின்று எல்லோரும் டீ குடிக்கிறார்கள். கண்ணாடி டம்ளர், தேங்காய் பன். மாணவர்கள் நோட்டை மாற்றிப் பார்த்துக்கொள்கிறார்கள். அதுவரை ஓரமாகவே நடந்து வந்த அந்தப் பையன் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு மேடத்திடம் வருகிறான்.

“மேடம், தொட்டிக்கட்டு வீடெல்லாம் பாப்பீங்களா?”

“எங்கே இருக்கு?”

“பேரூர் தாண்டிங்க. எங்க அப்புச்சி ஊடு. தை மாசம் இடிக்கறாங்க.”

மேடமும் டம்ளரை வைக்கிறார். கேள்விகள் சடசடவென்று வருகின்றன. கூரை என்ன? ஓடுங்க, நாட்டு ஓடு. நடுவில் தொட்டி இருக்கிறதா? இருக்குதுங்க, நாலு பக்கமும் தாழ்வாரம் மாதிரி ஆசாரம். தூண் கல்லா, மரமா? மரமுங்க. எத்தனை வருஷம்? தெரியலைங்க, அப்புச்சி பொறக்கறதுக்கு முன்னயே இருந்ததாம்.

“ஆசாரத்துல இப்ப என்ன கண்ணு நடக்குது?” இது பெரியவர்.

“ஒண்ணுமில்லீங்க தாத்தா. பழைய சாக்கு அடுக்கியிருக்கறாங்க.”

பெரியவர் மேடத்தைப் பார்க்கிறார். மேடம் மாணவர்களைப் பார்க்கிறார். அளவெடுக்க எத்தனை பேர் வர முடியும் என்று அங்கேயே கை தூக்கச் சொல்கிறார். தளத்தை வரைந்த பெண் முதலில் தூக்குகிறாள். புதன்கிழமை காலை என்று முடிவாகிறது, வீட்டுக்காரர்கள் சம்மதித்தால்.

“மாமாகிட்டக் கேக்கோணுங்க” என்று பையன் போனை எடுக்கிறான். ரிங் போகிறது. சாலையில் பஸ் சத்தம் அதிகமாகிவிட்டதால் ஒரு காதைக் கையால் பொத்திக்கொள்கிறான்.

“மாமா, நாந்தானுங்க. ஊட்டப் பத்தி ஒண்ணு கேக்கோணும். இல்லீங்க, பணமெல்லாம் ஒண்ணுமில்ல. ஆளுங்க வந்து பாக்கறாங்களாமா. ஆசாரத்துல இருக்கற சாக்கெல்லாம் எடுத்துப் போடலாமுங்களா?”