நினைப்பறிந்த சமுத்திரம்

சமுத்திரம் என்றால் அலையும் உப்பும் மீனும்தானே என்பீர்கள். போலந்து நாட்டு ஆசிரியர் ஸ்டானிஸ்லாவ் லெம் 1961-ல் வெளியிட்ட 'ஸோலாரிஸ்' நாவலில் வரும் சமுத்திரமே வேறு. ஒரு கிரகத்தையே மூடிக் கிடக்கும் அது, முழுவதும் ஒரே உயிர்! கூழ் போன்ற அந்த வஸ்து மலை மலையாய் எழும்பும், விசித்திர உருவங்களைச் செய்யும், தானே கலைத்தும்விடும். பண்டிதர்கள் தலைமுறை தலைமுறையாக ஆராய்ந்தும் அதன் மனசு பிடிபடவில்லை.

அதற்கோ மனிதர் மனசு தெரிந்துவிடுகிறது! அங்கே போன கெல்வின் தூங்கி விழிக்கிறான். எதிரே அவன் மனைவி ஹாரே! அவனோடு ஏற்பட்ட மனஸ்தாபத்தில் என்றோ உயிரை விட்டவள். அவன் ஞாபகத்திலிருந்து சமுத்திரம் உண்டாக்கிய உருவம் இது.

என் தாயார் காலமான புதிதில் இதைப் படித்தேன். 'இப்படி ஒரு சமுத்திரம் நமக்குக் கிடைக்காதா?' என்று மனம் ஏங்கிற்று. பிறகு யோசித்தேன். வந்தாலும், நான் அறிந்த அம்மாதானே வருவாள்? எனக்குச் சொல்லாமல் அவள் பூட்டி வைத்த ஆசைகளும் கவலைகளும் கூட வருமா?

ஹாரேக்கும் தான் அசல் அல்ல என்பது தெரிந்துபோகிறது. அவனுடைய நன்மைக்காகத் தன்னை இல்லாமற் செய்துவிடும்படி விஞ்ஞானிகளிடம் கேட்டுக்கொள்கிறாள். நகல்தான், ஆனால் அந்தத் தீர்மானம் அவளுடைய சொந்தம்!

சகோதரிகளே, உங்கள் தாயார் அருகில் இருந்தால், அவருடைய சிறு வயதுக் கதைகளை இன்றே கேட்டு வையுங்கள். நாம் அறியாததை எந்தச் சமுத்திரமும் திருப்பித் தராது.