தீக்குப் பின் எழுந்த சத்திரம்

இங்கிலாந்தில் 'பப்' எனப்படும் மதுச்சாலையை எங்கள் ஊர்த் தவறணையோடு ஒப்பிட முடியாது. அங்கே பெண்களும் வயோதிபர்களும் குடும்பமாக வந்திருந்து சாப்பிடுவார்கள். மது அருந்தாத நானும் லண்டன் சென்றிருந்தபோது, கட்டடத்தைப் பார்ப்பதற்காகவே 'ஜோர்ஜ் இன்' என்ற பழைய சத்திரத்துக்குப் போனேன்.

தேம்ஸ் நதியின் தென்கரையில், லண்டன் பாலத்துக்கு அருகே சதக் என்ற பகுதியில் அது இருக்கிறது. முற்காலத்தில் இரவானதும் நகர வாயில்கள் மூடப்பட்டுவிடும். பிந்தி வந்த பயணிகள் இக்கரையில்தான் தங்கினார்கள். அதனால் இந்தத் தெருவில் சத்திரங்கள் வரிசையாக இருந்தன.

1676ஆம் ஆண்டு பெருந்தீயில் சதக்கின் பெரும்பகுதி எரிந்தது. ஜோர்ஜும் தப்பவில்லை. எரிந்த கட்டடத்தை யார் கட்டுவது, வாடகையை யார் கொடுப்பது என்று உரிமையாளர்களுக்கும் குடியிருந்தவர்களுக்கும் இடையே பிணக்குகள் எழுந்தன. அவற்றைத் தீர்ப்பதற்கு 1677இல் தனிச்சட்டமே இயற்றப்பட்டது. ஜோர்ஜைக் குத்தகைக்கு எடுத்திருந்தவர் தன் செலவில் அதைத் திரும்பக் கட்டினார். அதற்கு ஈடாக வாடகை குறைக்கப்பட்டது. குத்தகைக் காலமும் நீட்டப்பட்டது.

இன்று நாம் பார்ப்பது அந்தக் கட்டடத்தைத்தான். முற்றத்தில் நின்று அண்ணாந்து பார்த்தால், மாடிகளில் நீண்ட மர விறாந்தைகள் தெரிகின்றன. அறைகளின் கதவுகள் இவற்றை நோக்கியே இருந்தன. குதிரை வண்டிகள் கீழே முற்றத்தில் வந்து நிற்கும். உள்ளே தாழ்ந்த கூரை, கறுத்த மர உத்திரங்கள், சுவரில் ஒரு பெரிய பழைய மணிக்கூடு. 1797இல் மணிக்கூடுகளுக்கு வரி விதிக்கப்பட்டது. அந்த வரியை விதித்த பாராளுமன்றச் சட்டத்தின் பெயரால்தான் இவ்வகை மணிக்கூடுகள் இன்றும் அழைக்கப்படுகின்றன.

ரயில் வந்ததும் குதிரை வண்டிப் பயணம் அழிந்தது. ஒரு ரயில் கம்பனியே சத்திரத்தை வாங்கி, 1889இல் இரண்டு பக்கங்களை இடித்துவிட்டது. எஞ்சியது தெற்குப் பக்கம் மட்டுமே. 1937இல் அது தேசிய நம்பிக்கை நிதியம் என்ற பாதுகாப்பு அமைப்பிடம் ஒப்படைக்கப்பட்டது. மாடி விறாந்தைகளோடு லண்டனில் எஞ்சியுள்ள வண்டிச் சத்திரம் இது ஒன்றுதான்.

இத்தகைய மதுச்சாலைகளுக்கு முன்னோடிகள் பெண்களே. மத்திய காலத்தில் 'ஏல்' என்ற பானத்தை வீட்டில் காய்ச்சி, மிஞ்சியதை விற்று, விதவைகள் உட்படப் பல பெண்கள் சீவித்தார்கள். அது சில நாட்களில் புளித்துவிடும். பின்னர் 'ஹொப்' என்ற கொடியின் பூவைச் சேர்த்த பியர் வந்தது. அது நெடுநாள் கெடாது. ஆனால் பெரிய பாத்திரங்களும் முதலும் வேண்டும். முதல் ஆண்களிடம் இருந்தது. தொழிலும் அவர்களிடம் போனது. கைப்பக்குவம் இருந்தும் கடன் கிடைக்காததால் பெண்கள் ஒதுங்க நேர்ந்தது.

எரிந்ததை மீளக் கட்ட மரமும் கல்லும் மட்டும் போதாது. காணி யாருக்கு, எத்தனை வருடத்துக்கு என்ற எழுத்துறுதியும் கையில் முதலும் வேண்டும். 1677இல் அந்தக் குத்தகைக்காரருக்கு அவை கிடைத்தன. அதனால்தான் 300 வருடங்களுக்கு மேலாகியும் அந்த விறாந்தைகள் நிற்கின்றன.