விடிகாலை 4:44

என் அப்பா அம்மாவிடம் வாய்விட்டு மன்னிப்புக் கேட்டு நான் பார்த்ததில்லை. சண்டை போட்ட மறுநாள் விடியும் முன்பே எழுந்து குடங்களில் தண்ணீர் நிரப்பி வைப்பார். அம்மாவும் அதைப் புரிந்துகொண்டு காபி கொடுப்பார். அதோடு முடிந்தது. அதனால்தானோ என்னவோ, ராப் பாடகர் ஜே-ஸீ தன் மனைவியிடம் வாய்விட்டு மன்னிப்புக் கேட்கும் ‘4:44’ ஆல்பத்தை முதலில் கேட்டபோது எனக்குக் கூச்சமாக இருந்தது.

ராப் பாட்டுக்குத் தற்பெருமைதான் உயிர்மூச்சு. புரூக்ளினின் மார்சி குடியிருப்பிலிருந்து வந்த ஜே-ஸீ, 1996-இல் வந்த முதல் ஆல்பம் தொட்டு, தன்னை மிஞ்ச ஆளில்லை என்றே பாடிவந்தவர். 2016-இல் மனைவி பியான்ஸே ‘லெமனேட்’ ஆல்பத்தில் கணவரின் துரோகத்தைப் பற்றிப் பாடினார். மறு ஆண்டு ஜூன் 30 அன்று, 47 வயதில், கணவர் பத்தே பாட்டுகளில் பதில் சொன்னார். முதல் பாட்டிலேயே தன் அகந்தையைக் கொல்லச் சொல்கிறார். தலைப்புப் பாட்டை விடிகாலை 4:44-க்கு விழித்து எழுதியதாகச் சொன்னார். அவரை எப்படியாவது பேசவைக்க வேண்டும் என்றே அந்த இசையை அமைத்ததாகத் தயாரிப்பாளர் நோ ஐ.டி. பிறகு சொல்லியிருக்கிறார். தன் துரோகம் பிள்ளைகளுக்குத் தெரியவரும் நாளை நினைத்து ஜே-ஸீ அஞ்சும் இடத்தில் என் கூச்சம் போய்விட்டது.

வீட்டுச் சண்டையைக் காசாக்குகிறார்கள் என்றார்கள் சிலர். காசு வந்தது உண்மைதான். ஆனால் அந்தக் குரலில் இருக்கும் தளர்ச்சியை விலைக்காக வரவழைக்க முடியும் என்று நான் நம்பவில்லை.

அதே ஆல்பத்தில், கறுப்பின விளையாட்டு வீரர் ஓ.ஜே. சிம்சன் பெயர் தாங்கிய பாட்டு வேறு கதை. பாடகி நீனா சிமோனின் குரலை அடியில் ஓடவிட்டு, எவ்வளவு சம்பாதித்தாலும் கறுப்பர் கறுப்பர்தான் என்று அது சொல்லும் விதம் நெஞ்சை அறுக்கிறது. அதே பாட்டில் யூதர்களையும் சொத்தையும் சேர்த்துப் பேசும் வரி வருகிறது. புகழ்ச்சியாகத்தான் சொன்னார், ஆனாலும் அது பழைய பழிச்சொல்லின் மறுபக்கம். அதைக் கண்டித்தவர்கள் பக்கமே நியாயம் இருக்கிறது.

இந்த ஆல்பத்துக்காக ஜே-ஸீக்குக் கிராமி விருதின் எட்டுப் பிரிவுகளில் பரிந்துரை. அந்த ஆண்டில் வேறு யாருக்கும் அத்தனை இல்லை. 2018 ஜனவரியில் ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. அது அநியாயம் என்றே இன்றும் நினைக்கிறேன்.

இந்த ஆல்பத்தில் நான் திரும்பத் திரும்பக் கேட்பது ‘ஸ்மைல்’ பாட்டை. அவருடைய தாய் குளோரியா கார்ட்டர் பெண்களை விரும்புபவர் என்பதையும், நான்கு பிள்ளைகளைப் பெற்று அதை ஆண்டுக்கணக்கில் மறைத்து வாழ்ந்தார் என்பதையும் மகன் பெருமையோடு சொல்கிறார். கடைசியில் தாயே தன் கவிதையைச் சொல்கிறார். அந்தக் குரலில் நடுக்கமே இல்லை.

2023 ஜூலையில் நியூயார்க்கில் அந்தத் தாய்க்குத் திருமணம் நடந்தது, தான் விரும்பிய பெண்ணுடன். மகனும் மருமகளும் வந்திருந்தார்கள்.