மூலையில் நிற்கும் எண்கள்

ஸ்க்ரீன்ஷாட்டில் எனக்குப் பிடித்த இடம் அதன் மூலைகள். நடுவில் தெரியும் மலை, மாலை வெயில், குதிரைமேல் வீரன் எல்லாம் விளையாட்டை உருவாக்கியவர்கள் நமக்காக வரைந்து வைத்தவை. அதே மலையை அதே வெயிலில் எத்தனையோ பேர் படம் எடுத்திருப்பார்கள். ஆனால் கீழ் மூலையில் பாதிக்கும் கீழே இறங்கிவிட்ட ஹெல்த் பார், துப்பாக்கியில் மிச்சமிருக்கும் ஏழு தோட்டா, மினி மேப்பில் நெருங்கிவரும் சிவப்புப் புள்ளி, இவை அந்த நிமிடத்தில் அந்த ஒருவருக்கு மட்டுமே நேர்ந்தவை. சாகக் கிடந்த நேரத்தில் ஒருவர் நின்று வானத்தைப் பார்த்திருக்கிறார் என்பதை அந்தச் சிறிய எண்கள்தான் சொல்கின்றன.

இப்போது வரும் பெரிய விளையாட்டுகள் பலவற்றில் போட்டோ மோடு உண்டு. அதைத் தொட்டதும் ஆட்டம் உறைந்துவிடும், மூலையில் இருப்பவை எல்லாம் மறைந்துவிடும். கேமராவை வீரனைச் சுற்றிக் கொண்டுபோகலாம், பின்னணியை மங்க வைக்கலாம், வண்ணத்தை மாற்றலாம். 2020இல் வந்த கோஸ்ட் ஆஃப் சுஷிமாவில் காற்று எந்தப் பக்கம் வீச வேண்டும், பறப்பது இலையா மின்மினியா என்பதுவரை நம் விருப்பம். நானும் அதில் மணிக்கணக்காக உட்கார்ந்திருக்கிறேன். அழகுக்கு ஒரு குறையும் இல்லை. சில மாதம் கழித்து அந்தப் படங்களைத் திறந்தால்தான் சங்கடம். யாரோ எடுத்த காலண்டர் படங்கள்போல இருக்கின்றன. நான் அந்த ஊருக்குப் போயிருந்தேன் என்பதற்கு அவற்றில் ஒரு தடயமும் இல்லை. கல்யாண ஆல்பத்தில் மேடைப் படங்களைத் தள்ளிவிட்டு, பின்னால் யாரோ சாம்பார் வாளியோடு ஓடும் படத்தில் வந்து நிற்கிறோம் இல்லையா, அந்த வாளியைத்தான் போட்டோ மோடு முதலில் எடுத்துவிடுகிறது.

திரையைப் படம் எடுக்கும் பழக்கம் தொடங்கியபோது நடுவில் இருந்த காட்சியைப் பற்றி யாரும் கவலைப்படவில்லை. எண்ணுக்காகத்தான் எடுத்தார்கள். 1980களின் தொடக்கத்தில் ஆக்டிவிஷன் நிறுவனம் அடாரி 2600 பெட்டிக்குச் செய்த விளையாட்டுகளோடு வரும் கையேட்டில் ஓர் அழைப்பு இருக்கும்: இவ்வளவு புள்ளி எடுத்தால், டிவித் திரையைப் படம் எடுத்து எங்களுக்கு அனுப்புங்கள். அனுப்பினால் தபாலில் ஒரு துணி பேட்ச் வரும், சட்டையில் தைத்துக்கொள்ளலாம். டேவிட் கிரேன் உருவாக்கி 1982இல் வெளிவந்த பிட்ஃபால் விளையாட்டுக்கு 20,000 புள்ளி. கபூம் விளையாட்டுக்கு 3,000.

அந்தப் படத்தை எடுப்பது ஆட்டத்தில் ஜெயிப்பதற்குக் குறையாத வேலை. அந்தக் காலத்து டிவியில் படம் ஒரே நேரத்தில் தோன்றுவதில்லை. எலக்ட்ரான் கற்றை மேலிருந்து கீழாக வரி வரியாக வரைந்துகொண்டே போகும். அமெரிக்க டிவியில் நொடிக்கு ஏறக்குறைய 30 முழுப் படம். கேமராவின் ஷட்டர் அதைவிட வேகமாகத் திறந்து மூடினால், திரையின் குறுக்கே கறுப்பாக ஒரு பட்டை விழும். ஷட்டரை மெதுவாக வைத்தால் கை அசையக் கூடாது. ஃப்ளாஷ் போட்டால் கண்ணாடியில் வெள்ளை வட்டம் மட்டும் மிஞ்சும். போடாவிட்டாலும் அறை விளக்கை அணைக்க வேண்டும், இல்லையென்றால் வளைந்த கண்ணாடியில் வீடே தெரியும். இத்தனையும் செய்துவிட்டு, ஃபிலிம் ரோல் தீரும்வரை பொறுத்திருந்து, கழுவக் கொடுத்து, பிரிண்ட் வந்த பிறகுதான் எண் விழுந்திருக்கிறதா என்று தெரியும். பத்து வயதுப் பிள்ளை ஒன்று 20,000 புள்ளியைத் திரையில் நிறுத்தி வைத்துவிட்டு, டிவியை யாரும் அணைத்துவிடாதீர்கள் என்று கத்திக்கொண்டே அப்பாவின் கேமராவைத் தேடி ஓடுவதை என்னால் நினைத்துப் பார்க்காமல் இருக்க முடியவில்லை. கம்பெனிக்குத் தேவைப்பட்டது எண் மட்டும். எனக்கு வேண்டியது, விளக்கை அணைக்க மறந்த யாரோ ஒருவர் அனுப்பிய படம். அதன் கண்ணாடியில் சோபாவும் ஜன்னல் திரையும் கேமராவை முகத்தில் பிடித்த பிள்ளையும் இருப்பார்கள்.

சாட்சியாக நின்ற அந்த எண்களில் சில நிலைக்கவில்லை. அதே கிரேன் செய்த டிராக்ஸ்டர் கார்ப் பந்தயத்தில் 5.51 நொடி என்று 1982இல் ஏற்கப்பட்ட சாதனை முப்பது ஆண்டுக்கு மேல் பட்டியலில் இருந்தது. விளையாட்டின் நிரலை ஒருவர் பிரித்துக் கணக்குப் போட்டுப் பார்த்ததில், 5.57க்குக் கீழே போக வழியே இல்லை என்று தெரிந்தது. சாதனைகளைப் பதிவுசெய்யும் ட்வின் கேலக்சீஸ் அமைப்பு 2018இல் அதை நீக்கியது.

கேமரா வெளியிலிருந்து கணினிக்கு உள்ளே போனது பிற்பாடு. 1993இல் வந்த டூம் விளையாட்டை டெவலப்பர்களுக்கான ஒரு கட்டளையோடு திறந்தால் எஃப்1 பொத்தான் திரையைக் கோப்பாக எழுதும். குவேக்கில் எஃப்12. என் தலைமுறைக்கு அதெல்லாம் தெரியாது. எங்களுக்குத் தெரிந்தது பிரவுசிங் சென்டரும் பிரிண்ட் ஸ்க்ரீன் பொத்தானும்தான். அதை அழுத்திவிட்டு, ஆட்டத்தைக் குறைத்து, பெயின்ட்டைத் திறந்து கன்ட்ரோல் வி போட வேண்டும். சில விளையாட்டுகளில் படம் விழும், சிலவற்றில் வெறும் கறுப்புச் சதுரம். முழுத்திரை ஆட்டம் விண்டோஸைக் கேட்காமல் கிராஃபிக்ஸ் கார்டோடு நேராகப் பேசிவிடுவதால், விண்டோஸ் பிடித்துக் கொடுக்கும் படத்தில் ஆட்டமே இருக்காது. 1999இல் தொடங்கிய ஃப்ராப்ஸ் என்ற சிறிய மென்பொருள் அந்தக் குறையைத் தீர்த்தது. நொடிக்கு எத்தனை ஃப்ரேம் ஓடுகிறது என்று திரையின் மூலையில் அது காட்டும் மஞ்சள் எண்ணை ஒரு தலைமுறையே மறந்திருக்காது. படத்தில் அந்த எண்ணும் வர வேண்டுமா என்று கேட்க அதில் தனியாக ஒரு பெட்டி இருந்தது. டிக் போட்டவர்கள் கட்சி நான். இருபது ஆண்டு கழித்துப் பார்க்கும்போது, ஆட்டத்தில் வந்த நகரம் எவ்வளவு அழகாக இருந்தது என்பதோடு, அதை ஓட்ட நம் வீட்டுக் கணினி எப்படி மூச்சுவாங்கியது என்பதும் தெரிகிறது.

ஆட்டத்தை ஆடாமல் படம் மட்டும் எடுத்தவர்களும் உண்டு. கென்ட் ஷீலி என்ற அமெரிக்கக் கலைஞர், இரண்டாம் உலகப்போரைப் பற்றிய டே ஆஃப் டிஃபீட் விளையாட்டுக்குள் போய், சுடாமல், போர்க்களப் புகைப்படக்காரராக அலைந்தார். ஈராக் போரைப் படமெடுத்த ஆஷ்லி கில்பர்ட்சனை 2014இல் டைம் இதழ் தி லாஸ்ட் ஆஃப் அஸ் விளையாட்டுக்குள் அனுப்பியது. அவர் எழுதியதைப் படித்த நாளிலிருந்து ஒரு விஷயம் என்னோடு இருக்கிறது. உண்மையான போரைப் பார்த்த மனிதர் அந்த விளையாட்டின் வன்முறையைத் தாங்க முடியாமல் எழுந்துவிட்டார். பிறகு இதழைச் சேர்ந்த இன்னொருவர் கன்ட்ரோலரைப் பிடித்து ஆடிக்கொடுக்க, இவர் படம் மட்டும் எடுத்தார். அதில் வரும் மனிதர்களின் முகங்களில் நடப்பதற்கு ஏற்ற உணர்ச்சி இல்லை என்பது அவர் கண்ட குறை. படங்களைப் பார்த்தேன், உண்மையான போர்ப் படங்கள்போலவே நேர்த்தியாக இருந்தன. அருகில் உட்கார்ந்து வழியில் வருகிறவர்களைக் கொன்று இவருக்கு இடம் ஒதுக்கிக்கொடுத்த அந்த இரண்டாவது ஆளின் சுவடு மட்டும் எதிலும் இல்லை. எனக்கு அவரைத்தான் பார்க்க வேண்டியிருந்தது.

என்னிடம் இருப்பதில் நான் அதிகம் திறந்து பார்க்கும் படம் யாரும் எடுக்க நினைக்காதது. 2020 ஊரடங்கில் பப்ஜி ஆடிய நாட்களில் பிடிபட்டது. மூன்று விரலைத் திரையில் வைத்து இழுத்தால் ஸ்க்ரீன்ஷாட் விழும் போன் என்னுடையது. பதற்றமான சண்டையில் விரல்கள் தாறுமாறாக ஓடும்போது அதுவாகவே விழுந்துவிடும். பப்ஜி ஆடுகிறவர்கள் பலர் அந்த வசதியை அணைத்து வைப்பார்கள். நான் அணைக்கவில்லை.

நாங்கள் நால்வர் ஒரு ஸ்குவாட். நான், பெங்களூரில் தம்பி, கோயம்புத்தூரில் அக்கா மகன், குவைத்தில் மச்சான். விமானம் இல்லாத மாதங்கள். அங்கே கேம்ப் அறையில் மற்றவர்கள் தூங்கிய பிறகு மச்சான் போர்வைக்குள் இருந்து தணிந்த குரலில் ஆடுவார். அந்தப் படத்தில், ஆட்டத்தின் எராங்கல் தீவிலுள்ள போச்சின்கி ஊரில் ஒரு வீட்டுச் சுவர் பாதித் திரையை மறைக்கிறது. என் துப்பாக்கி வானத்தைப் பார்க்கிறது. தம்பி நாக் ஆகி மண்டியிட்டுத் தவழ்கிறான், அவன் பெயருக்குக் கீழே ரத்தக் கோடு குறைந்திருக்கிறது. அக்கா மகன் எங்கோ தூரத்தில், வழக்கம்போல யாரையும் கேட்காமல் ரஷ் போயிருக்கிறான். மச்சானின் பெயருக்குப் பக்கத்தில் சின்னதாக ஸ்பீக்கர் படம் எரிகிறது. யாராவது பேசினால் அப்படித் தெரியும். அதாவது அந்த நொடியில் அவர் பேசிக்கொண்டிருக்கிறார்.

என்ன பேசினார் என்பதில்தான் எங்கள் குடும்பத்தில் இன்னும் முடிவு வரவில்லை. "மாமா என்னைத் திட்டிக்கிட்டு இருந்தாரு, தனியாப் போகாதடான்னு" என்பது அக்கா மகனின் கட்சி. தம்பி ஒப்புக்கொள்ள மாட்டான். "இல்லண்ணே, நான் நாக் ஆனதும் 'இருடா வரேன்'னு சொன்னாரு, அந்த நேரம்தான் இது" என்பான். எனக்கு அது அக்காவின் சமையலைப் பற்றிய பேச்சாகத்தான் நினைவு. அன்று அக்கா மகன் மைக்கை அணைக்காமல் ஏதோ தின்றுகொண்டிருந்தான், மச்சானுக்கு அந்தச் சத்தம் கேட்டுப் பசித்துவிட்டது. அவரிடமே கேட்டோம். "யாருக்குத் தெரியும் மாப்ள, தோட்டா இருந்தாக் குடுங்கன்னு கேட்டிருப்பேன்" என்றார்.

அந்த ஆண்டு செப்டம்பர் 2இல் இந்திய அரசு பப்ஜி மொபைலைத் தடைசெய்தது. அக்டோபர் 30இல் சர்வர்களும் இந்தியாவில் இருப்பவர்களுக்கு மூடப்பட்டன. இங்கே இருந்த மூவரும் வெளியே, குவைத்தில் இருந்தவர் மட்டும் உள்ளே. அவர் சில நாள் முன்பின் தெரியாதவர்களோடு ஆடிப் பார்த்துவிட்டு விட்டுவிட்டார். அடுத்த ஆண்டு ஜூலையில் பிஜிஎம்ஐ என்ற பெயரில் அதே விளையாட்டு இங்கே திரும்பி வந்தது, ஆனால் அது இந்தியாவில் இருப்பவர்களுக்கு மட்டும். இப்போது நாங்கள் மூவரும் உள்ளே, அவர் வெளியே. நடுவில் எராங்கல் தீவையே புதிதாக வரைந்துவிட்டார்கள். கட்டடங்களின் தோற்றம் மாறிவிட்டது. அந்தப் படத்தில் இருக்கும் சுவர் அதே முகத்தோடு இப்போது இல்லை.

போன மாதம் அதைத் திரும்பப் பெரிதாக்கிப் பார்த்தபோதுதான் மூலையில் இருந்த பிங் எண் கண்ணில் பட்டது. என் போனுக்கும் சர்வருக்கும் தகவல் போய்வர ஆன நேரம், மில்லி நொடிக் கணக்கில். பச்சை நிறத்தில் இருந்தது, எனக்கு லைன் நன்றாக இருந்திருக்கிறது. உடனே மச்சான் நினைவுதான் வந்தது. ஏன் எப்போதும் தாமதமாகச் சுடுகிறீர்கள், ஏன் எதிரி எதிரே வந்து நிற்கும்போது சும்மா நிற்கிறீர்கள் என்று அவரைத் தினமும் கேட்போம். ஒருநாளும் அவர் நெட்டைக் காரணம் சொன்னதில்லை, "வயசாயிடுச்சு மாப்ள" என்பார். நாங்கள் ஆடியது ஆசியா சர்வரில். கேம்ப் முழுவதற்கும் ஒரே வைஃபை. அவருக்குப் பிங் எவ்வளவு இருந்திருக்கும்? எங்கள் மூவரின் படங்களிலும் அதற்குப் பதில் கிடையாது, அவரவர் படத்தில் அவரவர் எண்தான் இருக்கும்.

கேட்டுவிட்டேன். அந்தப் பழைய போன் இன்னும் பெட்டியில் இருக்கிறதாம், சார்ஜர்தான் தேட வேண்டுமாம். ஜெயித்த ஆட்டங்களில் சிக்கன் டின்னர் திரையை ஸ்டேட்டஸ் வைக்க எடுத்தது நிறைய இருக்கும் என்றார். அது வேண்டாம் மச்சான், நடு ஆட்டத்தில் எடுத்தது ஒன்றாவது பாருங்கள் என்றேன். அனுப்பும்போது போட்டோவாக அனுப்பாமல் டாக்குமெண்ட்டாக அனுப்பவும் சொல்லியிருக்கிறேன். வாட்ஸ்அப் படத்தைச் சுருக்கினால் மலையும் வானமும் அப்படியே இருக்கும், மூலையில் உள்ள பொடி எண்கள்தான் முதலில் கலங்கிப்போகும்.